மேல்விளிம்பு

ஒலி குறைக்கும் பொத்தானையும்
அணைக்கும் பொத்தானையும்
ஒரே நொடியில் அழுத்த வேண்டும்.
அதற்கு இரண்டு விரல் தேவை.
இரண்டும் அப்போது
துப்பாக்கியில் இருக்கின்றன.

இப்படித்தான் செத்தேன், பல தடவை.
கடைசி வட்டம் சுருங்கி
நாலே பேர் மிச்சமிருக்கும்போது
கோதுமை வயலில் ஒரு வெளிச்சம் விழும்,
ஆரஞ்சும் இல்லாமல் சிவப்பும் இல்லாமல்.
விட மனசு வராது.
படம் சேமிக்கப்பட்டது என்று திரை சொல்லும்.
கூடவே, நீ கொல்லப்பட்டாய் என்றும்.

"போட்டோ புடிக்கவாடி வந்த?"
திருப்பூரிலிருந்து காதுக்குள் கத்துவான் தவராசா.
தம்பிக்கு அங்கே பனியன் கம்பெனி நைட் ஷிஃப்ட்,
எனக்கு இங்கே மஞ்சூர் ஃபேக்டரியில்
இலை வாட்டும் தொட்டி.
ஒரு தடவை புரட்டிப் போட்டால்
அடுத்த புரட்டலுக்கு நாற்பது நிமிடம்.
ஓர் ஆட்டம் இருபத்தெட்டு.
மீதி பன்னிரண்டில் டீ, கழிப்பறை,
தோற்றதற்குச் சண்டை.

நேற்று போன் சொன்னது: இடமில்லை.
ஆயிரத்து நானூற்றுப் பதினேழு ஸ்கிரீன்ஷாட்.
அழிக்க உட்கார்ந்தேன்.
பாராசூட், படகு, பாலைவனம்,
யாரோ விட்டுப்போன மோட்டார் சைக்கிள்,
எல்லாம் ஒரே மாதிரி இருந்தன.
பிறகு கண் மேலே போனது.
ஒவ்வொரு படத்தின் தலையிலும்
நகத்தளவு உயரத்தில் ஒரு வரி.

2:41. சார்ஜ் பதினொன்று. சிக்னல் ஒரு குச்சி.
3:16. சார்ஜ் நாலு. குச்சியே இல்லை,
அன்று கெத்தைப் பக்கம் மரம் விழுந்திருந்தது.
உடைந்த ஜன்னல் ஓரம் மட்டும்தான் டவர் எடுக்கும்,
குளிர் ஏற ஏற சார்ஜ் இறங்கும்.
யார் ஜெயித்தோம் என்பது மறந்துவிட்டது.
எந்த ராத்திரி எவ்வளவு குளிர் என்று
இந்த வரியை வைத்துச் சொல்லிவிடலாம்.

அப்புறம் அந்தப் படம்.
பிப்ரவரி. முதலிடம். பதினோரு கொலை.
வெற்றி என்ற மஞ்சள் எழுத்தின் மேலேயே
இறங்கி நிற்கிறது ஒரு வெள்ளைப் பட்டை:

புவனேந்திரன்
வெளிய வா சீக்கிரம், பாய்லர் பின்னாடி காட்டுமாடு கன்னோட நி…

பட்டையில் அவ்வளவுதான் இடம்.
விரலால் மேலே தள்ளியிருப்பேன்.
தள்ளியது ஞாபகமில்லை.
தள்ளாமல் அடுத்த ஆட்டத்துக்குள்
எப்படிப் போயிருக்க முடியும்.

அவன் அனுப்பியதைத் தேடிப் பார்த்தேன்.
அந்த இடத்தில்
"இந்தச் செய்தி நீக்கப்பட்டது" என்று இருக்கிறது.
எப்போது நீக்கினான், தெரியாது.
அதுவரை எவ்வளவு நேரம் அங்கே நின்றான், அதுவும்.

பெரிய கதை ஒன்றுமில்லை.
டிரையரில் வேலை.
டீ வாங்கினால் எனக்கும் வாங்குவான்,
சர்க்கரை இல்லாமல், ஒரு தடவையும் கேட்காமல்.
ஏப்ரலில் கோத்தகிரிப் பக்கம்
வேறு ஃபேக்டரிக்குப் போய்விட்டான்.

இரண்டு விரலால் விரித்தேன்.
நி-க்குப் பிறகு என்ன வரும்.
நிக்குது. வேறென்ன.
தெரிந்தும் விரித்தேன்.
எழுத்து கட்டம் கட்டமாக உடைந்து
வெறும் சாம்பல் நிறமாயிற்று.

பிறகு வெட்டினேன்.
கீழ் ஓரத்தைப் பிடித்து மேலே இழுக்க இழுக்க
என் பெயர் போனது, பதினோரு கொலையும் போனது,
அந்த வெளிச்சம் போனது.
மிஞ்சியது சுண்டுவிரல் நீளத்துக்கு ஒரு துண்டு.
அதை அவனுக்கு அனுப்பினேன்,
ஒரு வார்த்தை சேர்க்காமல்.
ஒரு டிக்.

"ரெடியா?" என்றான் தவராசா.
"இரு, இலை புரட்டணும்."

புரட்டினேன்.
போனை ஜன்னலிலேயே விட்டுவிட்டு
பாய்லர் பின்னாடி போனேன்.
விறகு அடுக்கு. குண்டு பல்பு. பனி.
மிதிபட்ட புல்லில்
இன்னும் ஆவி அடங்காத சாணி.